240 வரிசைகள்: வீட்டுக் கடனுக்கு உண்மையில் எவ்வளவு கட்டுகிறோம்?

[திரையில்: காலியான எக்ஸெல் ஷீட். மேலே ஐந்து தலைப்புகள்: மாதம், தவணை, வட்டி, அசல், பாக்கி.]

வீட்டுக் கடன் வாங்கப் போகிறவர் முதலில் கேட்கும் கேள்வி, “மாசம் எவ்வளவு கட்டணும்?” என்பதுதான். நானும் அதைத்தான் கேட்டேன். ஒரு எண்ணைச் சொன்னார்கள். சம்பளத்தோடு ஒப்பிட்டுப் பார்த்தேன், சமாளித்துவிடலாம் என்று தோன்றியது, கையெழுத்துப் போட்டேன். ஒரு வருடம் கழித்து ஸ்டேட்மென்ட் வந்தது. ‘பாக்கி’ என்று போட்டிருந்த இடத்தைப் பார்த்ததும் அச்சுப் பிழை என்றுதான் நினைத்தேன். பன்னிரண்டு தவணை ஒன்றுவிடாமல் கட்டியிருக்கிறேன், கடன் கிட்டத்தட்ட அப்படியே உட்கார்ந்திருக்கிறது.

பிழை எதுவும் இல்லை, கணக்கு சரிதான். எனக்குத்தான் அது எப்படி ஓடுகிறது என்று தெரியவில்லை. அன்று ராத்திரி இந்த ஷீட்டைப் போட்டு உட்கார்ந்தேன். அதையே இப்போது உங்களோடு சேர்ந்து நிரப்பப் போகிறேன்.

[திரையில்: கடன் 10,00,000. வட்டி ஆண்டுக்கு 8%. காலம் 20 ஆண்டு.]

எந்த நாட்டுப் பணம் என்பது முக்கியமில்லை. கடன் பத்து லட்சம், வட்டி 8 சதவீதம், இருபது வருடம், அதாவது 240 மாதம். வட்டி கடைசி வரை மாறாது என்று இப்போதைக்கு வைத்துக்கொள்வோம். மாதத் தவணை 8,364 வருகிறது. துல்லியமாகச் சொன்னால் 8,364.40, கணக்கு அதில்தான் ஓடுகிறது, சொல்லும்போது மட்டும் சில்லறையை விட்டுவிடுகிறேன்.

முதல் வரிசை. பத்து லட்சத்துக்கு 8 சதவீதம் என்றால் வருடத்துக்கு 80,000. பன்னிரண்டால் வகுத்தால் 6,667. இது இந்த மாத வட்டி. நீங்கள் கட்டுவது 8,364. வட்டி போக மிச்சம் 1,698. கடனிலிருந்து கழிவது அந்த மிச்சம் மட்டுமே.

[திரையில்: முதல் வரிசை நிரம்புகிறது. பாக்கி: 9,98,302.]

இரண்டாம் மாதம் பாக்கி துளி குறைந்திருக்கிறது, அதனால் வட்டியும் துளி குறைகிறது. அசலுக்குப் போவது 1,709. போன மாதத்தைவிடப் பதினொன்று கூட. அவ்வளவுதான் முன்னேற்றம்.

பன்னிரண்டு வரிசையும் நிரப்பிவிட்டுக் கூட்டினால், கட்டியது ஒரு லட்சத்துச் சொச்சம். அதில் வட்டிக்குப் போனது 79,236. கடன் குறைந்தது 21,137. நான் ஸ்டேட்மென்ட்டைப் பார்த்துத் திகைத்தது இந்த இடத்தில்தான்.

இதைக் கேட்டதும் பலர், “முதலில் வட்டியை எல்லாம் பிடுங்கிக்கொள்கிறார்கள், அப்புறம்தான் அசலைத் தொடுகிறார்கள்” என்று கோபப்படுவார்கள். பார்க்க அப்படித்தான் இருக்கும். ஆனால் கடன் கொடுத்தவர் வட்டியை முன்னால் இழுத்து வைக்கவில்லை. எந்த மாதம் எவ்வளவு பாக்கி நிற்கிறதோ, அந்தப் பாக்கிக்கு மட்டும்தான் அந்த மாத வட்டி. ஆரம்பத்தில் பாக்கி பெரிது, அதனால் வட்டியும் பெரிது. வட்டி என்பதை அடைக்காத பணத்துக்கான மாத வாடகை என்று நினைத்துப் பாருங்கள். இந்த வீடியோவில் இனி வரப்போகும் எல்லாமே இந்த ஒரு விஷயத்திலிருந்து கிளைத்து வருவதுதான்.

[திரையில்: ஷீட் வேகமாகக் கீழே ஓடுகிறது. 120-ஆவது வரிசையில் நிற்கிறது.]

பத்து வருடம் முடிந்தது. பாதிக் காலம் ஓடிவிட்டது, பாதிக் கடன் தீர்ந்திருக்கும் என்றுதானே நினைப்போம்? பாக்கி 6,89,407. நூற்றுக்கு 69 பங்கு இன்னும் அப்படியே நிற்கிறது.

137-ஆவது வரிசையில்தான் முதல்முறையாகத் தவணையில் அசலின் பங்கு வட்டியை முந்துகிறது. அதாவது பதினோரு வருடம் நான்கு மாதம் கழித்து. 164-ஆவது வரிசையில் கடன் பாதிக்குக் கீழே இறங்குகிறது. அதற்கப்புறம் சரசரவென்று கரையும். கடைசி வரிசையில், 240-ஆவது மாதத்தில், வட்டி வெறும் 55.

மொத்தத்தைக் கூட்டுவோம்.

[திரையில்: மொத்தம் கட்டியது 20,07,456. வட்டி மட்டும் 10,07,456.]

வாங்கியது பத்து லட்சம், வட்டியும் பத்து லட்சம். ஒரு வீட்டுக்கு இரண்டு வீட்டுப் பணம்.

சரி, “மாசம் எவ்வளவு?” என்ற கேள்விக்குத் திரும்புவோம். தவணை கொஞ்சம் அதிகமாகத் தெரிகிறது என்று நீங்கள் முகம் சுளித்தால், எதிரில் இருப்பவர் உடனே சொல்வது, “முப்பது வருஷமாப் போட்டுக்கலாமே.” தவணை 8,364-இலிருந்து 7,338 ஆகிவிடும். மாதம் 1,026 மிச்சம், நல்லதுதானே?

[திரையில்: இரண்டு ஷீட்டுகள் பக்கத்தில் பக்கத்தில். 240 வரிசை, 360 வரிசை.]

முப்பது வருடத்தில் மொத்த வட்டி 16,41,552. இருபது வருடக் கணக்கைவிட ஆறு லட்சத்து முப்பதாயிரத்துக்கு மேல் கூடுதல். தவணை குறைந்தது எட்டில் ஒரு பங்குகூட முழுதாக இல்லை, வட்டியோ அறுபது சதவீதத்துக்கு மேல் ஏறிவிட்டது. மறுபக்கம், பதினைந்து வருடத்தில் முடிக்க முடிந்தால் தவணை 9,557, மொத்த வட்டி 7,20,174.

நீண்ட காலத்துக்குக் கடன் வாங்குவதே முட்டாள்தனம் என்று நான் சொல்லவரவில்லை. சிலருக்கு அந்த 1,026 இல்லாவிட்டால் மாதக் கடைசி தள்ளாது. அப்படியானால் முப்பது வருடம்தான் சரி. தவணை குறைந்ததை ‘மலிவு’ என்று மட்டும் நினைத்துவிடாதீர்கள்.

இதைவிட மோசமான ஏற்பாடும் உண்டு. மாதாமாதம் வட்டி மட்டும் கட்டி, அசலைக் கடைசியில் ஒரே தொகையாகக் கட்டுவது. மாதம் 6,667 என்று கேட்கச் சுகமாக இருக்கும். இருபது வருடத்தில் 16 லட்சம் வட்டி கட்டியிருப்பீர்கள், பத்து லட்சம் கடன் ஒரு பைசா குறையாமல் வாசலில் நிற்கும். அதற்குப் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் நம் தவணைக் கடன் எவ்வளவோ மேல்.

[திரையில்: வட்டி 8% என்ற எண் அழிந்து 9% ஆகிறது.]

இப்போது வட்டி மாறாது என்று வைத்துக்கொண்டதைக் கைவிடுவோம். பல வீட்டுக் கடன்களில் வட்டி ஏறும், இறங்கும். ஏறும்போது கடன் கொடுத்தவர் இரண்டில் ஒன்றைச் செய்வார். தவணையை ஏற்றுவார், அது உடனே உறைக்கும். இல்லையென்றால் தவணையைத் தொடாமல் காலத்தை நீட்டிவிடுவார். இது உறைக்கவே உறைக்காது. அதே 8,364 அதே தேதியில் போய்க்கொண்டிருக்கும்.

நம் ஷீட்டில் முதல் மாதத்திலிருந்தே வட்டி 9 சதவீதம் என்று போட்டு, தவணையை அப்படியே விட்டுப் பார்த்தேன். 240 வரிசை 304 ஆகிவிட்டது. இருபது வருடக் கடன் இருபத்தைந்து வருடம் நான்கு மாதம். ஒரே ஒரு சதவீதம்தான் கூடியது.

10 சதவீதம் போட்டேன். ஷீட் கீழே போய்க்கொண்டே இருந்தது. 56 வருடத்துக்கு மேல். ஃபார்முலாவில் தப்புச் செய்துவிட்டேனோ என்று இரண்டு முறை சரிபார்த்தேன். தப்பில்லை. 10 சதவீதத்தில் முதல் மாத வட்டியே 8,333. கட்டுவது 8,364. அசலுக்குப் போவது 31. இன்னும் ஒரு பத்தில் ஒரு பங்கு ஏறி 10.1 ஆனால், கட்டும் தவணை வட்டிக்கே காணாது, மாதாமாதம் கடன் வளரும். நடைமுறையில் அதற்கு முன்பே தவணையை ஏற்றச் சொல்லிவிடுவார்கள். ஆனாலும் வட்டி ஏறிய செய்தி வரும்போதெல்லாம், “தவணை மாறல, நிம்மதி” என்று விட்டுவிடாமல், கடன் எந்த மாதம் முடிகிறது என்று கேட்டுப் பாருங்கள்.

[திரையில்: ஷீட்டில் ஆறாவதாக ஒரு பத்தி சேர்கிறது: கூடுதல்.]

இனி நமக்குச் சாதகமான பக்கம். வட்டி என்பது நிற்கும் பாக்கிக்கான வாடகை என்றால், பாக்கியைச் சீக்கிரம் குறைத்தால் அத்தனை மாத வாடகையும் மிச்சம்.

முதல் வருட முடிவில் ஒரு லட்சத்தைக் கூடுதலாகக் கட்டுகிறீர்கள், தவணையைக் குறைக்காமல் அதே 8,364-ஐத் தொடர்கிறீர்கள். கடன் 46 மாதம் முன்னதாக முடிகிறது. மிச்சமாகும் வட்டி சுமார் 2,89,000. அதே ஒரு லட்சத்தைப் பதினைந்தாம் வருட முடிவில் கட்டினால்? மிச்சம் சுமார் 41,000.

மொத்தமாக ஒரு லட்சம் எல்லார் கையிலும் இருக்காது. மாதம் ஓராயிரம் கூடுதலாக, ஆரம்பத்திலிருந்தே போட்டுவந்தால், 240 மாதம் 188 ஆகும். வட்டியில் மிச்சம் சுமார் இரண்டரை லட்சம். முப்பது வருடக் கடனுக்குப் போனால் மாதம் மிச்சமாகும் என்று சொன்னார்களே, அதே ஆயிரச் சொச்சம்தான் இங்கே எதிர்ப்பக்கம் வேலை செய்கிறது.

கட்டும் முன் இரண்டு விஷயம். முன்கூட்டிக் கட்டுவதற்குச் சில ஒப்பந்தங்களில் அபராதக் கட்டணம் உண்டு, அதைப் படித்துவிடுங்கள். அப்புறம், கூடுதலாகக் கட்டும்போது, “தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள்” என்று எழுத்தில் கொடுங்கள். வாயால் சொன்னது காற்றோடு போகும். கையில் இருக்கும் அவசரப் பணத்தைத் துடைத்து எடுத்துக் கடனில் போடுவதும் வேண்டாம். வீட்டுச் சுவரைப் பெயர்த்து ஆஸ்பத்திரி பில் கட்ட முடியாது.

[திரையில்: 120-ஆவது வரிசையிலிருந்து ஒரு அம்பு, புதிய ஷீட் ஒன்றுக்கு.]

எனக்கு ரொம்ப உறுத்தும் கணக்கு இது. பத்து வருடம் கட்டியாயிற்று, பாக்கி 6,89,407. வேறொருவர் வந்து, “7 சதவீதத்துக்குத் தருகிறேன், என்னிடம் மாற்றிக்கொள்ளுங்கள், தவணை 5,345தான்” என்கிறார். வட்டியும் குறைவு, தவணையில் மூவாயிரத்துக்கு மேல் குறைகிறது. யாருக்குத்தான் ஆசை வராது?

அவர் மெல்லிய குரலில் சொன்ன ஒன்றை விட்டுவிட்டோம். புதிய கடன் மறுபடியும் இருபது வருடம். பழைய இடத்திலேயே இருந்திருந்தால் இனிக் கட்ட வேண்டியது 10,03,728. புதிய இடத்தில் 12,82,790. வட்டி விகிதம் குறைந்தும் 2,79,000 கூடுதல். அதே 7 சதவீதத்தை மிச்சமிருக்கும் பத்து வருடத்துக்கே போட்டால் தவணை 8,005, மொத்தத்தில் சுமார் 43,000 லாபம். மாற்றுவதற்கான கட்டணங்கள் அந்த 43,000-ஐ எவ்வளவு தின்னும் என்று பார்த்தபின் முடிவெடுக்கலாம்.

கட்டணங்கள் என்றதும் இன்னொன்று. பிராசசிங், மதிப்பீடு, வக்கீல், இன்ஷூரன்ஸ் என்று ஒவ்வொன்றாக வரும். “கையிலிருந்து தர வேண்டாம், கடனிலேயே சேர்த்துவிடுகிறோம்” என்பார்கள். 20,000 அப்படிச் சேர்ந்தால், நம் ஷீட்டின்படி அதற்கு நீங்கள் கட்டுவது 40,149.

[திரையில்: 8,364 என்ற எண். மெல்ல மங்கி, சிறிதாகிறது.]

இவ்வளவு பயமுறுத்தியபின் மறுபக்கத்தையும் சொல்லாவிட்டால் நியாயமில்லை. இருபது வருடம் கழித்துக் கட்டும் 8,364, இன்றைய 8,364 அல்ல. விலைவாசி வருடத்துக்கு 4 சதவீதம் ஏறினால், கடைசித் தவணையின் வாங்கும் சக்தி இன்றைய கணக்கில் சுமார் 3,800. அப்படி எல்லாத் தவணையையும் இன்றைய மதிப்புக்குக் கொண்டுவந்து கூட்டினால், 20 லட்சம் என்பது சுமார் 13.9 லட்சம் ஆகிறது. ‘வட்டி அசலுக்குச் சமம்’ என்ற அதிர்ச்சியில் பாதிக்கு மேல் இங்கே கரைந்துவிடுகிறது. ஆனால் சம்பளமும் விலைவாசியோடு சேர்ந்து ஏறினால்தான் தவணை உங்களுக்கு லேசாகும். அதற்கு யாரும் கையெழுத்துப் போட்டுத் தரமாட்டார்கள்.

[திரையில்: ஷீட் மறுபடி மேலே, முதல் வரிசைக்கு வருகிறது. எண்கள் அழிகின்றன.]

இப்போது உங்கள் எண்ணைப் போடுங்கள். கடைசியாக வந்த ஸ்டேட்மென்ட்டில் பாக்கி எவ்வளவு என்று பாருங்கள். வட்டி விகிதத்தால் பெருக்கி, நூறால் வகுத்து, பிறகு பன்னிரண்டால் வகுங்கள். தவணையிலிருந்து அதைக் கழியுங்கள். வருவதுதான் இந்த மாதம் உங்கள் கடன் உண்மையில் குறையும் தொகை. ஸ்டேட்மென்ட்டில் அசல் என்று போட்டிருப்பதோடு ஒத்துப் பாருங்கள். சில இடங்களில் நாள்கணக்கில் வட்டி போடுவார்கள், அதனால் சில்லறை வித்தியாசம் வரும். பெரிய வித்தியாசம் வந்தால் ஸ்டேட்மென்ட்டைக் கையில் எடுத்துக்கொண்டு நேரிலேயே போய்க் கேளுங்கள்.