திண்ணை திண்ணையாகப் போகிறவருக்கே முதலிடம்

நடுவர் அவர்களே, எதிரணி நண்பர்களே, திரளாக வந்திருக்கும் தாய்மார்களே, பெரியவர்களே, வணக்கம்.

மாறிவரும் புறநகரின் நினைவைக் காப்பது அரசு ஆவணமா, ஊர் வரலாறு எழுதும் தனிமனிதரா என்பது தலைப்பு. எதிரணித் தலைவர் அண்ணாச்சி, "மனுசன் ஞாபகம் பிசகும், சர்வே எண் பிசகாது" என்றார்கள். சரி, பிசகாது. ஆனால் அந்த எண்ணுக்கு என்ன ஞாபகம் இருக்கிறது?

நாகர்கோவிலைச் சுற்றி வயலெல்லாம் மனையாகிக்கொண்டே வருகிறது. பதிவேட்டில் நஞ்சை என்று இருந்த இடம் மனை என்று மாறும், அவ்வளவுதான். அங்கே கன்னிப்பூ, கும்பப்பூ என்று இரண்டு போகம் நெல் விளைந்த காலத்தில் அனந்தனாற்றுத் தண்ணீர் எந்த மடை வழியாக வந்தது, கடைமடைக்காரர் ராத்திரி முழிப்பிருந்து அதை எப்படித் திருப்பினார், களத்தில் கூலி நெல்லை யார் அளந்தார்கள், அளவில் யாருக்குக் குறைந்தது? பட்டாவில் சொந்தக்காரர் பெயர் இருக்கும். முட்டளவு சேற்றில் நாற்று நட்ட அம்மாமாரின் பெயர் எந்தப் பட்டாவில் இருக்கிறது, நடுவர் அவர்களே?

எங்கள் பகுதியில் ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவர் அதைத்தான் திண்ணை திண்ணையாகப் போய்க் கேட்டு எழுதுகிறார். ஒரே செய்தியை நாலு பேரிடம் கேட்பார். ஒத்து வராவிட்டால் இன்னார் இப்படிச் சொன்னார், இன்னார் அப்படிச் சொன்னார் என்று இரண்டையும் எழுதி வைப்பார். பிறகு பழைய பத்திரத்தோடு ஒத்துப் பார்ப்பார். அதுவும் லேசுப்பட்ட வேலை இல்லை. 1956 நவம்பர் 1 அன்று தமிழகத்தோடு சேரும்வரை நாம் திருவிதாங்கூர் ஆட்சியிலும் பிறகு திருவிதாங்கூர்-கொச்சியிலும் இருந்தவர்கள். பழைய தாள்களில் மலையாளத்தாரின் கொல்லம் ஆண்டுக் கணக்கு, இடையிடையே மலையாளச் சொற்கள். ஆங்கில ஆண்டு வேண்டுமானால் மாதத்தைப் பார்த்து 824 அல்லது 825 கூட்ட வேண்டும். வாசித்துச் சொல்ல ஆள் இல்லாவிட்டால், எதிரணி கொண்டாடும் அதே ஆவணம் பீரோவில் கிடக்கும் வெறும் தாள்தான். ஆவணம் வேண்டாம் என்று நாங்கள் சொல்லவில்லை. அதைப் பேச வைப்பவர் இவர் என்கிறோம்.

தேரூரில் பிறந்த கவிமணி தேசிகவிநாயகம் பிள்ளை தொல்லியல் அதிகாரியா? பள்ளி ஆசிரியர். கல்வெட்டுகளை ஆராய்ந்து, அவற்றில் பேசப்படும் காந்தளூர்ச்சாலை என்ற பழைய இடத்தைப் பற்றி எழுதினார். நாஞ்சில் நாட்டு வேளாளரிடையே சொத்து மகனுக்குப் போகாமல் மருமகனுக்கு, அதாவது சகோதரி மகனுக்குப் போகும் வழக்கம் இருந்ததே, 1926-இல் சட்டம் அதை மாற்றியது. சட்டத்தைப் புரட்டினால் யாருக்கு எவ்வளவு பங்கு என்று தெரியும். குடும்பத் தலைவரான காரணவர் கண்ணை மூடியதும் மனைவியும் பிள்ளைகளும் என்ன பாடுபட்டார்கள் என்று தெரிய வேண்டுமானால் கவிமணியின் 'மருமக்கள்வழி மான்மியம்' வேண்டும். ஊருக்குள் இருந்து, அந்த வீடுகளின் அழுகையைக் காதால் கேட்ட மனுசனால்தான் அதை எழுத முடிந்தது.

அரசு அலுவலகம் பத்து மணிக்குத் திறக்கும், தேடி வருகிறவருக்குத் தாளைக் கொடுக்கும். தொண்ணூறு வயதுப் பாட்டி நாளைக்குப் பேசுவாரோ மாட்டாரோ என்று பதறி, இன்றைக்கே அவர் வீட்டு வாசலில் போய் உட்கார அலுவலகத்துக்குத் தெரியாது. எங்கள் ஆசிரியர் போய் உட்காருகிறார்.

அடுத்துப் பேச வரும் அண்ணாச்சியிடம் ஒன்றே ஒன்று கேட்டு அமர்கிறேன். அந்தப் பாட்டி சொன்னதைப் பதிய உங்கள் ரிஜிஸ்தரில் எத்தனையாவது கட்டம் இருக்கிறது?