எடைக்குப் போடாதீர்கள்

பெருமதிப்பிற்குரிய விழாத் தலைவர் அவர்களே, காலையிலிருந்து காபிகூடக் குடிக்காமல் ஓடிக்கொண்டிருக்கும் வாசகசாலைச் செயலாளர் அவர்களே, எத்தனையோ அலுவல்களுக்கு நடுவே வந்து முன்வரிசையில் வீற்றிருக்கும் பேரூராட்சித் தலைவர் அம்மா அவர்களே, எனக்கும் சேர்த்து முக்கால் மணி நேரம் பேசி அமர்ந்திருக்கும் பேராசிரியர் அவர்களே, பெரியோர்களே, தாய்மார்களே, மாணவச் செல்வங்களே, வணக்கம்.

நான் பேச வந்தது பெட்டி சார் என்ற கலைஞரைப் பற்றி. சார் என்றதும் ஆண் என்று நினைக்காதீர்கள், அம்மையார்! 1926-இல் லாஸ் ஏஞ்சலிஸில் பிறந்த கறுப்பினப் பெண்மணி. அச்சோவியம், நாடக உடை வடிவமைப்பு, பழம்பொருள்களைப் பெட்டிக்குள் அடுக்கிச் செய்யும் சிற்பம் என்று பல துறைகளில் கைவைத்தவர். பழம்பொருள், நினைவு, அடையாளம் என்று மூன்று செய்திகளை அவரிடமிருந்து எடுத்துச் சொல்கிறேன்.

முதலில் பழம்பொருள். சிறு துரும்பும் பல் குத்த உதவும் என்பார்கள். அந்தத் துரும்பைச் சிறுமியாக அவர் கண்டது லாஸ் ஏஞ்சலிஸின் வாட்ஸ் பகுதியில், பாட்டி வீட்டுப் பக்கம். அங்கே சைமன் ரோடியா என்ற இத்தாலியத் தொழிலாளி 1921 தொடங்கி, துணைக்கு ஆளில்லாமல் கோபுரங்கள் கட்டிக்கொண்டிருந்தார். எதைக் கொண்டு? கம்பி, சிமென்ட், மேலே பதிக்க உடைந்த பீங்கான், பாட்டில் துண்டு, கிளிஞ்சல். 1954 வரை கட்டினார்! ஒன்று ஏறத்தாழ 100 அடி உயரம். பிறகு இடத்தை அக்கம்பக்கத்தாரிடம் கொடுத்துவிட்டுப் போயே போய்விட்டார். நகராட்சி சும்மா இருக்குமா? அம்மா அவர்கள் மன்னிக்க வேண்டும், நான் சொல்வது அந்த ஊர் நகராட்சி. ஆபத்தான கட்டுமானம், இடி என்றது. சிலர் குறுக்கே நின்றார்கள்: "இழுத்துப் பாருங்கள், சாய்ந்தால் இடியுங்கள்." 1959-இல் 10,000 பவுண்டு விசை, நம் கணக்கில் நாலரை டன், கொடுத்து இழுத்தார்கள். கோபுரம் சாயவில்லை ஐயா! இழுத்த கருவிதான் பழுதாகி நின்றது. சிறு துரும்பு!

1968-இல் மார்ட்டின் லூதர் கிங் சுட்டுக் கொல்லப்பட்டார். அம்மையாருக்குள் கோபம் மூண்டது. கறுப்பினத்தாரைக் கேலி செய்து விற்ற பொம்மைகளையும் விளம்பரங்களையும் பழைய பொருள் சந்தைகளில் தேடி வாங்கினார். 1972-இல் பிறந்தது 'ஆன்ட் ஜெமைமாவின் விடுதலை'. ஓர் அடி உயரம்கூட இல்லாத பெட்டி. பின்னால் வரிசை வரிசையாக, ஆன்ட் ஜெமைமா என்ற பான்கேக் மாவின் விளம்பரத்தில் வரும் கறுப்பினச் சமையற்காரியின் சிரித்த முகம். முன்னால் சமையற்காரப் பொம்மை, ஒரு கையில் துடைப்பம். மறு கையில் அவர் துப்பாக்கியை வைத்தார்! அந்த மாவுக்காரர்கள் பெயரை மாற்றுவதாக அறிவித்தது 2020-இல்தான்.

ஆப்பிரிக்காவிலிருந்து சுமார் 1 கோடியே 25 லட்சம் பேரை அடிமைகளாகக் கப்பலேற்றினார்கள். கையில் ஒரு சாமான் எடுத்துவர விட்டார்களா? அந்த வழிவந்தவருக்கு, பாட்டி முறையான ஹாட்டி விட்டுப்போன பொருள்களே பொக்கிஷம். அவற்றை வைத்து 1975-இல் ஒரு பெட்டி செய்தார்.

இங்கேதான் நம் வாசகசாலையின் மாடி அறைக்கு வருகிறேன். அங்கே பழைய வால்வு ரேடியோ, கையெழுத்துப் பத்திரிகைக் கட்டு, முதல் உறுப்பினர் பதிவேடு எல்லாம் கிடக்கின்றன. அவற்றை எடைக்குப் போட நிர்வாகக் குழு முடிவெடுத்திருக்கிறதாம். செயலாளர் தலையைக் குனிந்துகொள்கிறார், பரவாயில்லை. சிறு துரும்பும் பல் குத்த உதவும் ஐயா! அந்த அறைக்கு ஒரு பூட்டு, இரண்டு கண்ணாடி அலமாரி, இவ்வளவுதான் கேட்கிறேன்.

நினைவு, அடையாளம் இரண்டும் பாக்கி. தலைவர் கடிகாரத்தைப் பார்க்கிறார். வாசலில் ஒரு நோட்டு வைத்திருக்கிறேன், கையெழுத்துப் போட்டுவிட்டுச் சாப்பிடப் போங்கள். நன்றி, வணக்கம்.