இரு சூரியர்களின் கீழ் ஒரு நாட்காட்டி

அவையோர் அனைவருக்கும் வணக்கம். கற்பனை உலகங்களைப் படைப்பவர்கள் வானில் இரண்டு சூரியர்களை எளிதாக ஏற்றிவிடுகிறார்கள். அவற்றின் கீழ் வாழ்பவர்கள் நாளையும் ஆண்டையும் எப்படி எண்ணுவார்கள் என்று கேட்டால்தான் தடுமாறுகிறார்கள். அத்தகைய கதைகளில் மாதங்களுக்கு அழகான பெயர்கள் இருக்கும், கணக்கு இருக்காது. என் கட்சி இதற்கு நேர்மாறானது. கணக்கை முதலில் சரியாக அமைத்துவிட்டால், திருநாள்களும் சச்சரவுகளும் பெயர்களும் அதிலிருந்தே தோன்றும். அப்படி நான் அமைத்த ஒரு நாட்காட்டியை இன்று உங்கள் முன் வைக்கிறேன்.

இரு சூரியர் உலகம் என்பது வெறுங்கற்பனையன்று. 2011ஆம் ஆண்டு கெப்ளர் விண்தொலைநோக்கியின் உதவியால் அறிவிக்கப்பட்ட கெப்ளர்-16பி என்னும் கோள், ஒன்றையொன்று ஏறத்தாழ 41 நாளில் சுற்றும் இரண்டு விண்மீன்களையும் சேர்த்து 229 நாளில் வலம்வருகிறது. ஒரு சூரியனை மட்டும் கோள் சுற்ற, மற்றது வெகு தொலைவில் நிற்கும் அமைப்பும் உண்டு. ஆல்ஃபா சென்டாரி என்னும் விண்மீன் அமைப்பின் இரண்டு பெரிய விண்மீன்கள் ஒன்றையொன்று சுற்றுவதற்குச் சுமார் 80 ஆண்டு பிடிக்கிறது. அத்தகைய இடத்தில் இரண்டாம் சூரியன் ஒரு தலைமுறையின் கடிகாரமே தவிர, மாதக் கணக்குக்கு உதவாது. ஆகவே கெப்ளர்-16 போன்ற அமைப்பையே எடுத்துக்கொண்டேன்.

நான் புனைந்த உலகின் பெயர் ஈரொளி. அதன் நாள் நம்முடையதைப் போலவே 24 மணி நேரம். பெருஞ்சுடர், சிறுசுடர் என்னும் இரு சூரியர்களும் 40 நாளுக்கு ஒருமுறை ஒன்றையொன்று சுற்றுகின்றன. ஈரொளி அவ்விரண்டையும் 420.25 நாளில் ஒரே திசையில், ஒரே தளத்தில் சுற்றுகிறது. சிறுசுடரின் நிறை பெருஞ்சுடரின் நிறையில் மூன்றில் ஒரு பங்கு. இவ்வளவுதான் நான் விரும்பி வைத்தவை. மற்றவை யாவும் கணக்கு தந்தவை.

கோளும் நகர்ந்துகொண்டே இருப்பதால், சூரியர்கள் வானில் பழைய நிலைக்குத் திரும்ப 40 நாள் போதாது, 44.2 நாள் ஆகிறது. இந்தக் காலத்துக்குள் அவை இருமுறை நேர்க்கோட்டில் வருகின்றன. ஒருமுறை சிறுசுடர் முன்னால் நிற்கும், மறுமுறை பின்னால் மறையும். முன்னதை முன்கூடல் என்றும் பின்னதைப் பின்கூடல் என்றும் அழைப்போம். முன்கூடலின்போது பெருஞ்சுடரின் முகத்தில் ஒரு செந்நிற வட்டம் சுமார் எட்டு மணி நேரம் ஊர்ந்து செல்லும். பகல் சற்றே மங்கும். பின்கூடலில் மங்கலான சிறுசுடரே மறைவதால், உற்றுப் பார்ப்பவரைத் தவிர யாருக்கும் தெரியாது.

இரு சூரியர் என்றதும் ஒன்று கிழக்கிலும் ஒன்று மேற்கிலும் நிற்பதாகவே நாம் எண்ணுகிறோம். ஈரொளியில் அவை 12 பாகைக்கு மேல் விலகுவதே இல்லை. முன்கூடல் கழிந்த 22 நாளும் சிறுசுடர் மேற்கே தள்ளி நிற்பதால், அதுவே முதலில் உதிக்கும். இடைவெளி மிகும்போது 48 நிமிடம் வரை செந்நிற விடியல் நீடித்து, அதன்பின்தான் முழு வெளிச்சம் வரும். பின்கூடலுக்குப் பிந்தைய 22 நாளில் விடியல் வெண்மை. சிவப்பு மாலைக்குப் போய்விடும். நாட்காட்டியைப் புரட்டாத ஓர் உழவரும் காலையில் கதவைத் திறந்ததும், மாதத்தின் எந்தப் பாதி நடக்கிறது என்று சொல்லிவிடுவார். இந்த உலகில் எனக்கு மிகவும் பிடித்த இடம் இதுதான்.

எந்தச் சூரியனை வைத்து நண்பகலைக் குறிப்பது என்ற கேள்விக்கு விடை எளிது: இரண்டையும் வைத்தல்ல. பெருஞ்சுடரின் உச்சிவேளையே 12 நிமிடம் முன்பின்னாக ஆடுவதால், இரண்டும் சுற்றிவரும் நடுப்புள்ளியைக் கடிகாரம் பின்பற்றும். நம் பூமியிலும் சூரிய நிழற்கடிகாரம் கைக்கடிகாரத்திலிருந்து ஆண்டின் சில நாள்களில் 16 நிமிடம் வரை விலகத்தான் செய்கிறது.

இனி ஆண்டுக்கு வருவோம். 44.2 நாள் சுற்றுகள் ஓராண்டில் ஒன்பதரை அடங்கும். மாதத்தை ஆண்டின் நடுவே பிளக்க மனமின்றி, கூடலுக்குக் கூடல் வரும் 22 நாள் காலத்தையே அலகாகக் கொண்டேன். அந்தக் காலத்தையும் கூடல் என்றே அழைப்போம். அப்போது ஓராண்டுக்கு 19 கூடல் வருகிறது. பண்டைய ஏதென்ஸின் வானியலாளர் மெட்டன், 19 ஆண்டில் 235 நிலவு மாதங்கள் அடங்கும் என்று வகுத்த கணக்கிலும் 19 வருவது தற்செயலே. அதற்கு நான் பொறுப்பல்ல. 19 ஒற்றை எண்ணாகையால், ஓர் ஆண்டு முன்கூடலில் பிறந்தால் அடுத்த ஆண்டு பின்கூடலில் பிறக்கும். ஆகவே எல்லோரும் அண்ணாந்து பார்க்கும் புத்தாண்டு ஈராண்டுக்கு ஒருமுறைதான் வரும். அதுவும் சில ஊர்களில் இரவாகவே கழிந்துவிடும் என்பதால், கண்ணை நம்பாமல் கணக்கையே நம்ப வேண்டியிருக்கிறது.

ஈராண்டில் வரும் 38 கூடல்களில் நான்கிற்கு மட்டும் 23 நாள், ஏனையவற்றுக்கு 22 நாள். 38 ஆண்டுக்கு ஒருமுறை ஒரு நாளைக் குறைத்தால் இந்தக் கணக்கு நேராகிவிடும். தொல்லை பருவத்தில்தான் இருக்கிறது. 19 கூடல் என்பது உண்மையான ஆண்டைவிடக் கால் நாளுக்குச் சற்று மேல் குறைவு. நாற்பது ஆண்டில் விதைப்பு 11 நாள் தள்ளிப்போகும். 80 ஆண்டில் குறை சரியாக ஒரு கூடல் அளவாகும். அந்த ஆண்டுக்கு 20 கூடல் தந்துவிட வேண்டும். ஆனால் 20 இரட்டை எண். முன், பின் என்று மாறிவந்த வரிசை அங்கே முறிந்து, அடுத்தடுத்த இரண்டு ஆண்டுகள் ஒரே வகைக் கூடலில் பிறக்கும். வரிசையைக் காக்க விரும்புவோர், 160 ஆண்டு பொறுத்து இரண்டு கூடல்களைச் சேர்த்துக்கொள்ளலாம் என்பார்கள். அதை நான் ஏற்கவில்லை. அதற்குள் பருவம் 44 நாள் நழுவிவிடும். வரிசையின் அழகுக்காக விதைப்பைத் தவறவிடுவது நாட்காட்டியின் வேலையன்று.

எஞ்சுவது ஒரு சட்டச் சிக்கல். இருபதாம் கூடலில் பிறந்த குழந்தைக்கு அடுத்த 79 ஆண்டும் பிறந்தநாளே வராது. வயது, வாரிசுரிமை, கடன் தவணை ஆகிய எல்லாவற்றுக்கும் அக்கூடலின் நாள்களைப் பத்தொன்பதாம் கூடலின் அதே எண்ணுள்ள நாள்களாகவே கொள்வது என்று விதி வகுத்திருக்கிறேன். ஆனால் தவணையை அந்த ஆண்டில் மட்டும் இருமுறை கேட்கக் கூடாது.