ஆறு பிரியும் நாட்டின் வரைபடக் கழகம்

(கும்பகோணத்தில் இளம் எழுத்தாளர்களின் கூட்டம் ஒன்றில் பேசியதன் எழுத்து வடிவம்)

அவையில் அமர்ந்திருக்கும் பெரியோர்களுக்கும், பின்வரிசையில் நோட்டுப் புத்தகமும் கையுமாக இருக்கும் பிள்ளைகளுக்கும் வணக்கம்.

நான் நில அளவையில் முப்பது ஆண்டு சங்கிலி பிடித்தவன். கற்பனை நாடுகளைப் படைத்துக் கதை எழுதும் பிள்ளைகளுக்கு வரைபடம் பற்றிப் பேச வேண்டும் என்று அழைத்தார்கள். அவர்கள் வரைந்த படங்களையும் முன்கூட்டியே அனுப்பியிருந்தார்கள். பதினோரு படங்கள். கூடத்தில் பாய் விரித்து அதன்மேல் பரப்பிவைத்து இரண்டு இரவு பார்த்தேன். கைத்திறமை நிறைந்த படங்கள்தான். ஆனால் பதினொன்றிலும் வடக்கே ஒரு பனிமலை. அதிலிருந்து ஓர் ஆறு இறங்குகிறது. வழிநெடுகச் சிற்றாறுகள் வந்து சேரச் சேரப் பருத்து, பெரிய வாயாகத் திறந்து கடலில் விழுகிறது.

பிள்ளைகளே, நீங்கள் காவிரிக்கும் அரசலாற்றுக்கும் நடுவில் வளர்ந்தவர்கள். நம் ஊரில் எந்த ஆறு அப்படி ஓடுகிறது?

முக்கொம்பில் கொள்ளிடம் பிரிகிறது. கல்லணையில் வெண்ணாறும் புது ஆறும் பிரிகின்றன. அதற்குக் கீழே குடமுருட்டி, அரசலாறு, வெட்டாறு, வீரசோழன், கோரையாறு, பாமணியாறு என்று கிளைக்குள் கிளை. திருச்சியில் அக்கரை மனிதர் புள்ளியாகத் தெரிகிற அளவுக்கு அகன்று கிடக்கும் காவிரி, பூம்புகாரில் கடலைத் தொடும்போது வாய்க்கால் அளவுக்கு மெலிந்துவிடுகிறது. வழியெல்லாம் கொடுத்துக்கொண்டே வந்த ஆறு அது. இப்படி ஒரு நதியைக் கற்பனை நாட்டில் ஓடவிட இங்கே பிறந்த உங்களைவிட யாருக்கு உரிமை இருக்கிறது?

இந்த எண்ணத்தில்தான் நான் ஒரு நாட்டை நினைத்துப் பார்த்தேன். அந்த நாட்டில் மலையே கிடையாது. ஓர் ஆறு எழுபது கிளையாகப் பிரிகிறது. நடுவில் உயர்ந்த திடல் ஒன்று. அதன்மேல் வரைபடக் கழகம். அந்த நாட்டின் மாயம் ஒன்றே ஒன்று. கழகத்து மையால் தாளில் ஒரு வாய்க்கால் கீறினால், விடிவதற்குள் மண்ணில் அந்த இடத்தில் தண்ணீர் ஓடும். ஆனால் தண்ணீர் புதிதாகப் பிறப்பதில்லை. இங்கே வந்த அளவு எங்கோ ஒரு கடைமடையில் குறைந்திருக்கும்.

இப்போது அந்தக் கழகம் எதற்கு என்பது உங்களுக்கே விளங்கும்.

அங்கே சேரும் பிள்ளைக்கு முதல் ஆண்டு பேனா கிடையாது. மடைகளைத் திறந்து மூடி வயல்களுக்குத் தண்ணீர் பங்கிடும் ஊழியரான ஒரு நீர்க்கட்டியிடம் ஒப்படைத்துவிடுவார்கள். குறுவை, தாளடி என்ற இரண்டு நெல் போகமும் முடிகிற வரை அவர் பின்னாலேயே வரப்பில் நடக்க வேண்டும். எந்த மடை எப்போது திறக்கும், யார் வயலுக்கு எத்தனை நாழிகை என்று பார்க்க வேண்டும். நீர்க்கட்டிக்கு எழுதப் படிக்கத் தெரியாது. ஆனால் அவர் வழியில் எதிர்ப்பட்டால் கழகத்தின் தலைமை ஆசானே வரப்பை விட்டு வயலில் இறங்கி வழிவிடுவார்.

நீர்க்கட்டி சொல்லித்தரும் முதல் பாடத்தை நானும் சொல்கிறேன், ஏனென்றால் உங்கள் படங்களில் இது இல்லை. வெள்ளத்தில் வரும் வண்டலை ஆறு தன் ஓரத்திலேயே போட்டுப் போட்டுக் கரையை மேடாக்கிவிடுகிறது. வயல் தாழ்ந்து நிற்கிறது. அதனால்தான் மடையைத் திறந்ததும் தண்ணீர் தானாக வயலுக்கு இறங்குகிறது. அதே காரணத்தால் வயலில் பெய்த மழை ஆற்றுக்குத் திரும்பி ஏற முடியாது. அதற்கு வடிகால் என்று தனி வழி வேண்டும். ஆக ஒரே நிலத்தின்மேல் இரண்டு வலைகள்: ஒன்று கொண்டுவருவது, இன்னொன்று கொண்டுபோவது. மேலூருக்கு வடிகாலாக இருப்பது கீழூரில் பாசன வாய்க்காலாகிவிடும். மேலூர்க்காரரும் கீழூர்க்காரரும் அதே கோட்டுக்கு வெவ்வேறு பெயர் சொல்வார்கள். கழகத்து வரைபடத்தில் இரண்டு பெயரும் இருக்க வேண்டும். இல்லாவிட்டால் முத்திரை விழாது. ஒரு நாவலுக்கு வேண்டிய பகை முழுவதும் இந்த ஒரு கோட்டில் இருக்கிறது. அரக்கர் படை எதற்கு?

இரண்டாம் ஆண்டுத் தேர்வை நான் சோழர் செப்பேடுகளிலிருந்து எடுத்துக்கொண்டேன். முதலாம் இராசராசன் காலத்தில் நாகப்பட்டினத்துச் சூடாமணி விகாரம் என்ற பௌத்தப் பள்ளிக்கு ஆனைமங்கலம் என்ற ஊர் கொடுக்கப்பட்டது. அந்த ஊரின் எல்லையைப் பெண் யானையை நடக்கவிட்டு வரையறுத்தார்கள். ‘பிடி சூழ்ந்து’ என்பது செப்பேட்டு வழக்கு. யானை நடந்த தடத்தில் ‘கல்லும் கள்ளியும் நாட்டி’ எல்லை காட்டுவார்கள். ஊர் முழுவதும் பார்க்க, அக்கம்பக்கத்து ஊர்க்காரர்கள் உடன் நிற்க, ஒரு யானை மெதுவாகச் சுற்றி வருவதை நினைத்துப் பாருங்கள். அத்தனை கண்களும் அதற்குச் சாட்சி. நான் கண்ட எந்த முத்திரைத் தாளுக்கும் அந்தக் கம்பீரம் இல்லை. கழகத்திலும் ஒரு கிழட்டுப் பிடி இருக்கிறது. மாணவர் வரைந்த எல்லையை அது நடந்து பார்க்கும். அது கால் வைக்க மறுக்கும் இடத்தில் படம் பிழை.

மலையில்லாத நாட்டில் தூரத்தைப் பார்ப்பது எப்படி என்று ஒரு பிள்ளை கேட்டு எழுதியிருந்தது. நல்ல கேள்வி. வில்லியம் லாம்ப்டன் என்ற ஆங்கிலேய அளவையாளர் 1802-இல் சென்னைப் பரங்கிமலைப் பக்கம் அடிக்கோடு, அதாவது மற்ற தூரங்களைக் கணிக்க உதவும் முதல் கோடு, அளந்து பெரும் நில அளவையைத் தொடங்கினார். நம் பக்கம் வந்ததும் திணறிப்போனார். எங்கும் சமவெளி, எங்கும் தென்னையும் பனையும். கோயில் கோபுரங்களைத்தான் மலையாகக் கொள்ள வேண்டியிருந்தது. 1808-இல் கோணம் அளக்கும் அரை டன் எடையுள்ள தியோடலைட் கருவியைத் தஞ்சைப் பெரிய கோயிலின் உச்சிக்கு ஏற்றும்போது கயிறு அறுந்து, கருவி சுவரில் மோதி நசுங்கியது. லாம்ப்டன் பல வாரம் உட்கார்ந்து, கருவியின் வளைந்துபோன கோண வட்டத்தைத் தன் கையாலேயே சரிசெய்தார். சமவெளி நாட்டில் உயரம் யார் கையில் இருக்கிறதோ, படமும் அவர் கையில் என்பதை இதிலிருந்து எடுத்துக்கொள்ளுங்கள். உங்கள் கதையில் கோபுரம் ஏறும் உரிமைக்காகவே ஒரு சண்டை மூளலாம்.

கழகத்தின் கடைசி அறையைப் பற்றி மட்டும் சொல்லிவிடுகிறேன். அதில் பிழையான படங்கள் இருக்கின்றன. ஒவ்வொன்றின் கீழும் வரைந்தவர் பெயர், அதனால் தண்ணீர் இழந்த ஊரின் பெயர். பட்டம் வாங்கும் நாளில் மாணவர் அத்தனையையும் வாய்விட்டுப் படிக்க வேண்டும்.

அந்த அறையை நான் ஏன் கட்டினேன் என்றால், அதில் என் படமும் ஒன்று இருக்க வேண்டும். வேலைக்குச் சேர்ந்த புதிதில், ஒரு கிராமத்தின் பழைய வரைபடத்தைப் படியெடுத்தேன். தாள் மடிப்பில் தேய்ந்துபோயிருந்த சிறு வடிகால் ஒன்றை, இருக்கிறதா இல்லையா என்று போய்ப் பார்க்காமல் விட்டுவிட்டேன். இரண்டு கிலோமீட்டர் நடந்திருந்தால் தெரிந்திருக்கும். அடுத்தடுத்த படிகளில் அந்தக் கோடே இல்லை. அங்கே மனை போட்டார்கள், வீடு கட்டினார்கள். பல ஆண்டு கழித்து ஒரு கார்த்திகை மழையில் அந்தத் தெருவுக்குப் போனேன். முழங்கால் அளவு தண்ணீரில் அடுப்பைத் தூக்கித் திண்ணையில் வைத்துக்கொண்டிருந்த ஒரு பாட்டி, நான் அளவைக்காரன் என்று தெரிந்ததும், “தம்பி, தண்ணீர் போகிற வழியை எங்கே வைத்தீர்கள்?” என்று கேட்டார். கோபமாகக்கூடக் கேட்கவில்லை. தொலைத்த சாவியைத் தேடுகிறவர் கேட்பதுபோலக் கேட்டார். அந்தக் குரல் இன்னும் என் காதில் இருக்கிறது.

இனி கதைக்கு வருகிறேன். கழகத்தில் ஒரு பெண் பிள்ளை படிப்பை முடிக்கிறாள். முதன்முதலாகக் கையில் பேனா கொடுக்கிறார்கள். அன்றைக்கே அரண்மனையிலிருந்து ஓலை வருகிறது: அரசியின் அல்லிக்குளத்துக்கு ஒரு வாய்க்கால் வரைய வேண்டும். எழுபது கிளைகளையும் அவள் விரலால் தடவிப் பார்க்கிறாள். எதிலிருந்து எடுத்தாலும் தண்ணீர் ஒரே இடத்தில்தான் வற்றுகிறது. அது அவளுக்கு மடை பார்க்கச் சொல்லிக்கொடுத்த நீர்க்கட்டியின் ஊர்.

இதற்கு மேல் நான் எழுதவில்லை, நீங்கள் எழுதுங்கள். வரும் ஞாயிற்றுக்கிழமை காலை ஆறு மணிக்கு அரசலாற்றுப் பாலத்தருகே நிற்பேன். கரையோடு நடந்து, கண்ணில் படும் மதகுகளை எண்ணிக்கொண்டு வருவோம். வருகிறவர்கள் குடிக்கத் தண்ணீர் கொண்டுவாருங்கள். முதல் நாள் பேனா வேண்டாம்.