அட்டையில் துளை போட்டது யார்?

(சேலம் அம்மாபேட்டையில் ஒரு மாலைக் கூட்டத்தில் பேசியதன் எழுத்து வடிவம்)

பெரியவர்களுக்கும், தறியை நிறுத்திவிட்டு வந்திருக்கும் நெசவாளத் தோழர்களுக்கும், மாணவர்களுக்கும் வணக்கம்.

மேசைமேல் இருக்கும் இந்த ஜக்கார்டு அட்டைக் கட்டு எங்கள் வீட்டுப் பரணில் கிடந்தது. தறி பழக்கமில்லாத மாணவர்களுக்காகச் சொல்கிறேன். கெட்டி அட்டையில் வரிசை வரிசையாகத் துளைகள் இருக்கின்றன. துளை உள்ள இடத்தில் ஊசி உள்ளே நுழையும், அதற்குரிய பாவு இழை, அதாவது தறியில் நீளவாக்கில் ஓடும் இழை, மேலே எழும். துளை இல்லாத இடத்தில் ஊசி பின்னுக்குத் தள்ளப்படும், இழை கீழேயே கிடக்கும். ஒரு மிதிக்கு ஓர் அட்டை நகரும். கடைசி அட்டையை முதல் அட்டையோடு சேர்த்துக் கயிற்றால் கோத்துவிடுவோம். அதனால்தான் சேலைக் கரையில் ஒரு மயில் முடிந்த இடத்தில் அடுத்த மயில் தொடங்குகிறது. இந்த வட்டத்தில் முதல் அட்டை எது என்று கேட்டால் பதில் இல்லை. துளை போட்டது யார் என்று கேட்டால் பதில் உண்டு. என் அப்பா.

அட்டையைப் போலக் காலமே வட்டமாகிவிட்டால் அந்தக் கேள்விக்கு என்ன ஆகும்? அதைப் பற்றித்தான் இன்று பேச வந்தேன்.

1949-இல் குர்ட் கோடல் என்ற கணித மேதை, ஐன்ஸ்டைனின் ஈர்ப்புச் சமன்பாடுகளுக்கு ஒரு விசித்திரமான தீர்வைக் கண்டார். அந்தத் தீர்வு காட்டும் பிரபஞ்சம் முழுவதும் சுழல்கிறது. அதில் ஒருவர் எப்போதும் எதிர்காலத்தை நோக்கியே போய், தன் கடந்த காலத்துக்கே வந்து சேரலாம். ஏற்காட்டுப் பாதையின் 20 கொண்டை ஊசி வளைவுகளையும் ஏறி முடித்த நீங்கள், ஓரடிகூட இறங்காமல், மறுபடி அடிவாரத்தில் நிற்பதைப் போல.

சரி, அப்படி ஒரு பாதை எனக்குக் கிடைக்கிறது என்று வைத்துக்கொள்வோம். இந்த அட்டைக் கட்டை எடுத்துக்கொண்டு 1974-க்குப் போய் அப்பாவிடம் கொடுக்கிறேன். அவர் அதைக் கொண்டு நெய்கிறார், பிறகு பரணில் போடுகிறார். நான் இன்று எடுத்தது அதே கட்டைத்தான். இப்போது துளை போட்டது யார்?

அட்டையைப் பொருளாகப் பார்த்தால் சிக்கல் உடனே தெரிகிறது. 50 ஆண்டில் கயிறு நைந்துவிடும். நைந்த கயிறு 1974-க்குப் போனால், அங்கே தொடக்கமே நைந்ததாகிறது. அது மேலும் 50 ஆண்டு நைய வேண்டும். ஆனால் வட்டம் மூட வேண்டுமென்றால் போனதும் வந்ததும் இழை பிசகாமல் ஒன்றாக இருந்தாக வேண்டும். லோசெவ், நோவிகோவ் என்ற இயற்பியலாளர்கள் 1992-இல் இத்தகைய பொருள்களுக்கு ‘ஜின்’ என்று பெயர் வைத்தார்கள். வெளியிலிருந்து ஆற்றலைச் செலவழித்து யாராவது புதுப்பித்தால்தான் அப்படிப்பட்ட பொருள் நிலைக்கும்.

அட்டையில் உள்ள செய்தி, அதாவது மயிலின் வடிவம், அப்படியில்லை. பழைய அட்டையைப் பார்த்து அப்பா புது அட்டை குத்தி வைத்தால் போதும், நைவு போய்விடும். மயில் மட்டும் சுற்றிவரும். இங்கேதான் என் கருத்தைச் சொல்கிறேன். இது கற்பனைக் கோட்பாடுதான், நிரூபணம் இல்லை. ஆனாலும் பல ஆண்டுகளாக இதையே நினைத்துக்கொண்டிருக்கிறேன். இதற்குத் ‘திருத்துபவர் கோட்பாடு’ என்று பெயர் வைத்திருக்கிறேன்.

அப்பா அட்டையை எப்படி நகலெடுப்பார் என்பதைக் கண்ணால் பார்த்திருக்கிறேன். கண்ணை மூடிக்கொண்டு நகலெடுக்கவே மாட்டார். நாலு விரற்கடை நெய்து, தலையைச் சாய்த்துப் பார்ப்பார். மயிலின் கழுத்து விறைப்பாகத் தெரிந்தால், அந்தத் துளைமேல் காகிதத் துண்டை ஒட்டி அடைத்துவிட்டு, பக்கத்தில் வேறு துளை குத்துவார். மறுபடி நெய்து பார்ப்பார். உள்ளே வரும் அட்டையை வாங்கி, திருத்திய அட்டையை வெளியே தருகிற ஒரு செயல் அது. வட்டம் மூட வேண்டுமென்றால் வந்ததும் போவதும் ஒன்றாக இருக்க வேண்டும் அல்லவா? அப்படியானால் அந்த வட்டத்தில் சுற்றக்கூடிய மயில், அப்பா தலையைச் சாய்த்துப் பார்த்துவிட்டு ஒரு துளையையும் மாற்றாமல் விடுகிற மயில் மட்டுமே. அவர் அதை ஒருநாளும் வரையவில்லை. ஆனாலும் அதன் ஒவ்வொரு வளைவும் அவர் கண்ணுக்குக் கட்டுப்பட்டது. செய்தி எங்கிருந்தோ வந்து குதிக்கவில்லை, திருத்துகிற கண்ணில்தான் இருந்தது.

அந்தக் கண் இல்லையென்றால்? எதைக் கொடுத்தாலும் அப்படியே நகலெடுக்கும் ஒருவர் தறியில் இருந்தால் எல்லா அட்டையும் பொருந்தும், வெற்று அட்டை உட்பட. பல தீர்வுகள் பொருந்தும்போது அதிகபட்ச என்ட்ரோபி, அதாவது ஒழுங்கின்மை, உள்ளதையே இயற்கை எடுக்கும் என்று இயற்பியலாளர் டேவிட் டாய்ச் 1991-இல் முன்மொழிந்தார். அந்த விதிப்படி கரையில் மயில் வராது. தாறுமாறான புள்ளிகள்தான் வரும்.

ஒரு கேள்வி மட்டும் என்னைத் தூங்க விடுவதில்லை. அப்பாவின் கண்ணுக்கு ஒத்துவரும் மயிலைத் தேடிக் கண்டுபிடித்தது யார்? சாதாரண வாழ்க்கையில் அதற்குப் பல மாதங்கள் ஆயின. எத்தனையோ நாள் குத்தி, அடைத்து, மறுபடி குத்தினார். வட்டத்தில் அந்த மாதங்கள் எங்குமே இல்லை. கணினி அறிவியலாளர்கள் ஸ்காட் ஆரன்சனும் ஜான் வாட்ரஸும் 2008-இல் எழுதிய கட்டுரையில் இதையே கணினிமொழியில் காட்டினார்கள். அளவான நினைவகத்தில் யுகக்கணக்கில் ஓடித் தீர்க்க வேண்டிய கணக்குகளைக்கூட, காலவட்டம் உள்ள கணினி விரைவில் தீர்த்துவிடும். உழைப்பு இல்லாமல் விடை வந்து நிற்கிறது. இது எனக்கு ஏற்கவில்லை. இயற்பியல் விதிகளே கால இயந்திரத்தைத் தடுத்துவிடும் என்று ஸ்டீபன் ஹாக்கிங் 1992-இல் முன்வைத்த ஊகத்தின் பக்கம் நான் சாய்வது இதனால்தான்.

பேச்சுக்கு முன் ஒரு நெசவாளத் தோழர் இந்தக் கட்டைப் புரட்டிப் பார்த்துவிட்டு, “கொண்டைக்குப் பக்கத்தில் ஒரு துளை தப்பாக விழுந்திருக்கிறதே ஐயா?” என்று கேட்டார். உண்மைதான். அப்பாவுக்கும் அது தெரியும். அந்த ஒரு துளையால் மயிலின் கொண்டையில் ஓர் இழை எழும்பி நிற்கும், காற்றில் அசைவது போல. அடைக்கக் காகிதத்தைக் கையில் எடுத்தவர், சற்று நேரம் பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, “இருக்கட்டும்” என்று கீழே வைத்துவிட்டார். காலவட்டத்தில் சுற்றிவரும் கட்டிலும் அந்தத் துளை அடைபடாமல்தான் இருக்கும்.