கேள்விக்குப் பிறகு மூன்று விநாடி

நண்பர்களே, பேட்டி எடுக்கப் போகிறவர்களுக்குக் கேள்வி கேட்க எல்லோரும் கற்றுக்கொடுக்கிறார்கள். கேட்டபின் சும்மா இருக்க யாரும் கற்றுக்கொடுப்பதில்லை.

பத்து மொழிகளின் உரையாடல்களை ஒப்பிட்டு 2009-இல் ஓர் ஆய்வு வந்தது. கேள்விக்கும் பதிலுக்கும் நடுவே சராசரி இடைவெளி விநாடியில் ஐந்தில் ஒரு பங்குதான். அதற்குப் பழகிய நமக்கு மூன்று விநாடி மௌனமே தாங்காது. பதறிப்போய் அடுத்த கேள்வியைப் போட்டுவிடுகிறோம்.

நானும் செய்திருக்கிறேன். விபத்தில் மகனை இழந்த ஒரு பெரியவரிடம், "கடைசியாக என்ன பேசினீர்கள்?" என்று கேட்டேன். அவர் கண்ணாடியைக் கழற்றினார். மடித்தார். மறுபடி விரித்தார். உதடு லேசாக அசைந்தது. அந்த நேரம் பார்த்து, "கஷ்டமாக இருந்தால் வேண்டாம் ஐயா" என்றேன். "சரி" என்று கண்ணாடியை மாட்டிக்கொண்டார். அவ்வளவுதான். இரக்கப்பட்டுச் சொன்னதாகவே நினைத்திருந்தேன். எடிட்டிங்கில் உட்கார்ந்து பார்த்தபோதுதான் தெரிந்தது, அந்த அமைதியைக் கண்டு பயந்தது நான்.

பிபிசியில் 1959-இல் தொடங்கிய 'ஃபேஸ் டு ஃபேஸ்' நிகழ்ச்சியில் கேள்வி கேட்ட ஜான் ஃப்ரீமனின் முகம் அநேகமாகத் தெரியாது. கேமரா விருந்தினரின் முகத்திலேயே நிற்கும். 1960-இல் அதற்கு விருந்தினராக வந்தவர்களில் ஒருவர் கில்பர்ட் ஹார்டிங், சிடுசிடுப்புக்குப் பேர்போன பிரிட்டிஷ் தொலைக்காட்சிப் பிரபலம். இறந்தவர் பக்கத்தில் இருந்ததுண்டா என்று ஃப்ரீமன் கேட்டார். தாயின் சாவை நேரில் பார்த்திருந்த ஹார்டிங்குக்குக் குரல் உடைந்தது, கண் கலங்கியது. அதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்குச் சங்கடமாகவே இருக்கிறது. ஒருவர் பேசட்டும் என்று காத்திருப்பது வேறு, அழட்டும் என்று காத்திருப்பது வேறு. கண்ணீரைத் தேடி ஜூம் போகிற கேமரா இரண்டாவது வகை.

அப்புறம், உடல்மொழி. கையைக் கட்டினால் எதையோ மறைக்கிறார் என்று தீர்ப்பு எழுதாதீர்கள். ஸ்டூடியோ ஏசியில் குளிரலாம். காலர் மைக் வயர் உறுத்தலாம்.

இன்னொன்றும் நடக்கிறது. ஒரே கேமராவோடு போனால், பேட்டி முடிந்தபின் நிருபர் தலையாட்டுவதைத் தனியாக எடுத்து, வெட்டிய இடங்களில் ஒட்டுகிறோம். ஒட்டு தெரியாமலிருக்க அது வேண்டியிருக்கிறது, ஒப்புக்கொள்கிறேன். ஆனால் ஒருவர் பதில் சொல்லமுடியாமல் திணறிய ஐந்து விநாடியை எடுத்துவிட்டு அங்கே உங்கள் தலையாட்டலை வைத்தால், அவர் தயங்காமல் பேசியதாக ஆகிவிடும். அது பொய். அந்த இடத்தை மட்டும் வெட்டாதீர்கள்.

கேமராமேனிடமும் சொல்லிவையுங்கள்: நீங்கள் 'நன்றி' சொன்னதும் நிறுத்த வேண்டாம். எதிரே இருப்பவருக்கும் தெரிந்தே ஓடட்டும். பலர் அதற்கப்புறம்தான் பேசவே ஆரம்பிக்கிறார்கள்.