கேம்ல ஓடுற தண்ணிய வெளிய எடுக்க முடியுமா?

அடுத்தது மன்னார்குடியிலேர்ந்து ஒரு தம்பி. பாலிடெக்னிக் படிக்கிறாராம். "அண்ணா, நம்ம ஊரு வயல், வாய்க்கால் வச்சு சின்னதா ஒரு கேம் பண்றேன். நான் கம்ப்யூட்டர்ல விளையாடுற ஒரு கேம்ல ஆத்துத் தண்ணி அவ்வளவு அழகா இருக்கு. அதை வெளிய எடுத்துப் பாக்கணும், எந்த சாஃப்ட்வேர் போடணும்?"னு கேக்கறாரு.

தம்பி, சாஃப்ட்வேரை அப்புறம் தேடிக்கலாம். அந்த கேம் எந்த எஞ்சின்ல, அதாவது கேம் செய்யற எந்த அடிப்படை சாஃப்ட்வேர்ல, செஞ்சதுன்னு முதல்ல பாருங்க. இன்ஸ்டால் ஆன ஃபோல்டரைத் திறங்க. யூனிட்டிபிளேயர்னு ஒரு டிஎல்எல் ஃபைல், பக்கத்துல கேம் பேரோட "டேட்டா"ன்னு முடியற ஃபோல்டர், அதுக்குள்ள ஷேர்ட்அசெட்ஸ்னு ஃபைலுங்க இருந்தா யூனிட்டி. கன்டென்ட்ங்கற ஃபோல்டருக்குள்ள "பாக்ஸ்"னு (பி, ஏ, கே, எஸ்) இன்னொரு ஃபோல்டர் இருந்தா பெரும்பாலும் அன்ரியல்ங்கற எஞ்சின்.

யூனிட்டின்னா உள்ள இருக்கறதை வெளிய எடுக்க அசெட் ரிப்பர், இல்ல அசெட் ஸ்டுடியோ. அசெட் ஸ்டுடியோவை முதல்ல எழுதினவரு அதைத் தொடரல, மத்தவங்க அதுலேர்ந்து கிளை பிரிச்சு நடத்துறாங்க, அதனால புதுசா இருக்கறதா பாத்து எடுங்க. கிட்ஹப்லேர்ந்து எடுங்க. "ஃப்ரீ டவுன்லோட்"னு பச்சை பட்டன் மினுக்குற சைட் பக்கம் போகாதீங்க, வைரஸ் வந்து உக்காந்துக்கும்.

அன்ரியல்னா எஃப்மாடல். அன்ரியல் 5ல யூகேஸ்னு ஒரு பெரிய ஃபைல், யூடாக்னு ஒரு குட்டி ஃபைல், ரெண்டும் ஜோடியா இருக்கும். நம்ம நெல் கொள்முதல் நிலையத்துல மூட்டை ஒரு பக்கம் அடுக்கியிருக்கும், எந்த மூட்டை யாரோடதுன்னு நோட்டு ஒரு பக்கம் இருக்கும்ல, அந்த மாதிரி. யூகேஸ் மூட்டை, யூடாக் நோட்டு. சின்னதா இருக்கேன்னு நோட்டை விட்டுட்டு மூட்டைய மட்டும் காப்பி பண்ணிட்டுப் போனா ஒண்ணும் திறக்காது. சில கம்பெனி இதைப் பூட்டியும் வச்சிருக்கும், ஏஇஎஸ் சாவி கேக்கும்.

ரெண்டுலயும் சேரலையா? எச்எக்ஸ்டி மாதிரி ஒரு ஹெக்ஸ் எடிட்டர்ல, அதாவது ஃபைலை பைட் பைட்டா காட்டுற சாஃப்ட்வேர்ல, ஃபைலைத் திறந்து முதல் நாலு பைட்டைப் பாருங்க. "பி", "கே"ன்னு ரெண்டு எழுத்துல ஆரம்பிச்சா அது சாதாரண ஜிப்புதான். குவேக் 3ங்கற பழைய கேமோட பிகே3 ஃபைல் அப்படித்தான், பேரை ஜிப்னு மாத்தினாலே திறந்துடும். 1993ல வந்த டூம்ங்கற கேம்லயும் ஃபைல் தொடக்கத்துல "ஐவாட்"னு (ஐ, டபிள்யூ, ஏ, டி) நாலு எழுத்து நிக்கும். அதைத் திறக்க ஸ்லேட்னு ஒண்ணு இருக்கு. கை பழகணும்னா டூம் மாதிரியே இருக்கற ஃப்ரீடூமைத் திறந்து பாருங்க, அது எல்லாரும் எடுத்துப் பயன்படுத்தறதுக்குன்னே விட்டது.

சரி, இப்ப உங்க தண்ணி. இங்கதான் ஏமாந்துடுவீங்க, இப்பவே சொல்லிடறேன். "தண்ணி"ன்னு ஒரு ஃபைல் உள்ள இருக்காது. தட்டையா ஒரு மெஷ், அதாவது முக்கோணங்களால ஆன உருவம், வரும், பாய் விரிச்ச மாதிரி. நீலமும் ஊதாவுமா ஒரு படம் வரும், அது நார்மல் மேப். மேல சின்னச் சின்ன அலை இருக்கற மாதிரி வெளிச்சத்தைத் திருப்பறது அதோட வேலை. நுரைக்கு ஒரு படம் வரலாம். அவ்வளவுதான். நீங்க பாத்து மயங்குனீங்களே, அந்த ஓட்டம், பளபளப்பு, கரையோரம் ஆழம் குறையறது, அதெல்லாம் ஷேடர்ங்கற புரோகிராம் ஒவ்வொரு ஃப்ரேம்லயும் கணக்குப் போட்டு வரையறது. அது கம்பைல் ஆகித்தான் கேமுக்குள்ள போகுது. அசெட் ரிப்பர்ல எடுத்தாலும் வழக்கமா வெறும் டம்மி ஷேடர்தான் கைக்கு வரும். சத்தமும் வேணும்னா, வெம்னு முடியற ஃபைலை விஜிஎம்ஸ்ட்ரீம்ல போட்டா வேவ் ஆகிடும்.

இதுல கத்துக்க நிறைய இருக்கு. டெக்ஸ்சர், அதாவது மேல ஒட்டற படம், என்ன அளவு, மெஷ்ல எத்தனை முக்கோணம்னு பாருங்க. ஆனா எடுத்ததை அப்படியே உங்க கேம்ல வச்சு வெளியிடாதீங்க, அது அவங்க காப்பிரைட். ஆன்லைன் கேம்னா ஃபைலை மாத்தித் திரும்ப உள்ள வைக்கவும் கூடாது, அக்கவுன்ட்டைத் தூக்கிடுவாங்க.

அப்புறம் அந்த கேம் தண்ணி நீலமா, கண்ணாடி மாதிரி இருந்திருக்கும். மேட்டூர் திறந்து பாமணி ஆத்துல புதுத்தண்ணி வர்றப்ப என்ன நிறம்? செம்மண்ணு கரைஞ்ச நிறம், மேல செத்தை மிதக்கும். அடியே தெரியாது, அதனால ஆழத்துக்கான கணக்கு ஷேடர்ல பாதி குறையும். நார்மல் மேப் ரெண்டு எடுத்து வேற வேற வேகத்துல ஒண்ணு மேல ஒண்ணா நகர விடுங்க, நிறத்தை ஃபோன்ல எடுத்த போட்டோவுலேர்ந்து எடுங்க. யூனிட்டில கோடு எழுதாம கட்டங்களை இணைச்சு ஷேடர் செய்யற ஷேடர் கிராஃப்லயே இதைச் செஞ்சுடலாம்.

அடுத்து, திருவாரூர்லேர்ந்து ப்ளெண்டர் பத்தி ஒருத்தர் கேட்டிருக்காங்க...